ஒன்றேமுக்கால் நொடி

பூபதியின் லைசென்ஸ் காலாவதியாக இன்னும் ஒன்பது நாள்தான் இருந்தது. அதைப் புதுப்பிக்க முடியாமல் போனால் நன்றாக இருக்கும் என்று அவன் நினைத்துக்கொண்டிருந்தான். புதுப்பித்துக் கொடுத்துவிடுவார்களோ என்ற பயம்தான் இரண்டு மாதமாக அவனைத் தின்றுகொண்டிருந்தது.

நாற்பத்தேழு வயது. இருபத்திரண்டில் ஹெவி லைசென்ஸ் எடுத்தவன். பதினெட்டு வருஷம் பன்னிரண்டு சக்கர லாரியில் நாக்பூர், இந்தூர், குவாஹாட்டி என்று சுற்றியவன். அத்தனை வருஷத்தில் ஒரே ஒரு ஆட்டுக்குட்டியைத் தவிர எந்த உயிரும் அவன் வண்டியில் அடிபட்டதில்லை. பிறகு லாரிகள் தாமாகவே ஓட ஆரம்பித்தன. கேபினில் ஆள் இல்லை. போகப்போக கேபினே இல்லை. ஆனால் சட்டம் ஒன்றை விடவில்லை. ரோட்டில் ஓடும் எந்த வண்டிக்கும் பதில் சொல்ல லைசென்ஸ் உள்ள ஒரு மனிதன் இருந்தாக வேண்டும். விபத்து நடந்தால் கூண்டில் ஏற்ற யாராவது வேண்டுமே, இயந்திரத்தையா ஏற்றுவார்கள்? அப்படி வந்ததுதான் 'பொறுப்பு ஓட்டுநர்' என்ற வேலை.

செம்மலை கேரியர்ஸ் கம்பெனியின் பொறுப்பு அறையில் பூபதி பெயரில் இருபது லாரிகள் இருந்தன. அவன் முன்னால் வரிசையாகத் திரைகள், நடுவில் ஒரு ஸ்டியரிங், காலடியில் பிரேக். எங்கோ ஓடும் லாரிக்கு ஒன்றும் புரியாத இடம் வந்தால் மணி அடிக்கும். அந்த ரோடு திரையில் பெரிதாக விரியும். அந்தக் கணத்திலிருந்து அந்த வண்டியை ஓட்டுவது பூபதி. இதற்கு ஒப்படைப்பு என்று பெயர். பெரும்பாலும் சாதாரண விஷயங்கள்தான்: தேர்க் கூட்டம், ரோட்டில் காயப்போட்ட சோளம், நடுவில் படுத்திருக்கும் மாடு. பத்து, பன்னிரண்டு நொடிக்கு முன்னாலேயே மணி அடித்துவிடும். நிதானமாக வேகத்தைக் குறைத்து, ஓரங்கட்டித் தாண்டவைத்து, மறுபடியும் இயந்திரத்திடம் கொடுத்துவிடலாம்.

பக்கத்து நாற்காலியில் செங்கோட்டுவேலு. பூபதியும் அவனும் ஒரே நாளில் லைசென்ஸ் எடுத்தவர்கள், ஒரே லாரியில் மாறி மாறி ஓட்டியவர்கள். பொறுப்பு அறைக்கும் ஒன்றாகத்தான் வந்தார்கள். போன பங்குனியில் ஒரு காலை பத்தேகால் மணிக்கு, வேலு டீ டம்ளரை எடுத்து வாயில் வைக்கப் போன நேரத்தில் மணி அடித்தது. பூபதி திரும்பிப் பார்த்தான். திரையில் ஒரு நாலுவழிச் சாலை, ஓரத்தில் நீலத் தார்ப்பாய் போட்ட தர்ப்பூசணிக் கடை. தார்ப்பாய்க்குப் பின்னாலிருந்து ஒரு ஸ்கூட்டர் வந்தது. அம்மாவும் பள்ளிக்கூட உடுப்பில் ஒரு பெண்குழந்தையும். டம்ளர் கீழே விழுவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

மணிக்கும் மோதலுக்கும் நடுவே ஒன்றேமுக்கால் நொடி இருந்ததாகக் கோர்ட்டில் கணக்குச் சொன்னார்கள். மணி அடித்தபின் வண்டி மனிதன் கட்டுப்பாட்டில் இருந்தது, அந்த மனிதன் எதையும் செய்யவில்லை என்று தீர்ப்பில் எழுதினார்கள். வேலுவுக்கு நாலு வருஷம் ஜெயில். பூபதி சாட்சி. அவனுக்கு அந்தப் பதிவை மூன்று முறை போட்டுக் காட்டி, நீ பார்த்தது இதுதானா என்று மூன்று முறையும் கேட்டார்கள்.

அதன்பிறகு அது அவன் மண்டைக்குள் தானாகவே ஓட ஆரம்பித்தது. குளிக்கும்போது, சோற்றைப் பிசையும்போது, பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கும்போது. நீலத் தார்ப்பாய் வரும், ஸ்கூட்டர் வரும். ஒவ்வொரு தடவையும் மனதுக்குள் அவன் ஸ்டியரிங்கை வலப்பக்கம் ஒடிப்பான். கடைக்கு எதிரே நடுத்தடுப்பு உடைந்து மணல் மூட்டை அடுக்கியிருந்தது. அதன் வழியாக வண்டியை எதிர்ச்சாலையில் இறக்கிவிடலாம். எதிரில் அப்போது வண்டி எதுவும் இல்லை. இதைக் கண்டுபிடிக்க அவனுக்கு ஒரு மாதம் ஆனது. கண்டுபிடித்ததால் ஒரு நிம்மதியும் வரவில்லை. வேலுவின் நாற்காலியில் இப்போது வேறு யாரோ இருந்தார்கள். பூபதி வேலைநேரம் முழுக்க இரண்டு கையையும் ஸ்டியரிங் மேலேயே வைத்திருந்தான். டீ குடிப்பதை விட்டான். எட்டு மணி நேரமும் மூத்திரத்தை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அடுத்த மணி எப்போது அடிக்குமோ, அதில் எத்தனை நொடி இருக்குமோ.

வேலையை விட்டுவிடலாமே என்று வெளியாட்கள் கேட்பார்கள். விட முடியாது. ஹெவி லைசென்ஸ் வைத்திருப்பவர்கள் குறைந்துகொண்டே போனதால் மூன்று வருஷத்துக்கு முன் அரசாங்கம் அதை அத்தியாவசியப் பணி ஆக்கிவிட்டது. லைசென்ஸ் உயிரோடு இருக்கும்வரை நாற்காலியை விட்டு எழுந்திருக்க முடியாது, எழுந்தால் வழக்கு. புதுப்பிக்கப் போகாமல் இருந்தாலும் வழக்கு. சோதனைக்குப் போய்த் தகுதியில்லை என்று பெயர் வாங்கினால் மட்டும் விடுதலை.

"கண்ணு தெரியலைன்னு சொல்லிப்போடுங்களேன்" என்றாள் அவன் மனைவி வளர்மதி. அவள் பனியன் கம்பெனியில் சூப்பர்வைசர். எதையும் சுற்றி வளைத்துப் பேசாதவள்.

கண்ணை நாம் சொல்லி அவர்கள் எழுதுவதில்லை, இயந்திரமே உள்ளே ஒளி அடித்துப் பார்த்துக்கொள்ளும் என்று பூபதி விளக்கினான். சர்க்கரை, காது, நரம்பு எல்லாம் அப்படித்தான். அவன் கையில் இருப்பது கடைசிச் சோதனை ஒன்றுதான். பொய்யான ஒப்படைப்புகளைக் கொடுத்து என்ன செய்கிறான் என்று பார்ப்பார்கள். அதில் ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருந்தால் போதும்.

"சும்மா இருக்கறதுதானுங்களே. அது முடியாதா உங்களால?" என்றாள் வளர்மதி. முடியும் என்றுதான் அவனும் நினைத்தான்.

ஆர்.டி.ஓ. ஆபீஸ் ஊருக்கு வெளியே இருந்தது. ஒரு காலத்தில் அதன் வாசலில் டிரைவிங் ஸ்கூல் போர்டுகளும், ஃபாரம் நிரப்பித் தருகிறவர்களும், எட்டுப் போட்டுப் பழகும் பையன்களுமாகக் கால்வைக்க இடமிருக்காது. இப்போது ஒரு ஜெராக்ஸ் கடை மட்டும். சின்ன வயதுக்காரர்கள் யாரும் லைசென்ஸ் எடுப்பதில்லை. எடுத்தால் பொறுப்பு அறையில் கொண்டுபோய் உட்காரவைத்துவிடுவார்கள் என்று பெற்றவர்களே தடுத்துவிடுகிறார்கள். பெஞ்சில் இருந்த பதினோரு பேரும் நாற்பதைத் தாண்டியவர்கள். யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஆஸ்பத்திரி வராந்தாவில் ரிசல்ட்டுக்குக் காத்திருப்பவர்கள் மாதிரி ஆளுக்கொரு ஃபைலை மார்போடு அணைத்துக்கொண்டிருந்தார்கள்.

சோதனை நடத்தியவர் திலகவதி என்ற அதிகாரி. பிரேக்கைத் தொட்டுப் பார்க்கும் வேலையே இல்லாமல் போனபிறகும் ஜனங்கள் அவரைப் பிரேக் இன்ஸ்பெக்டர் என்றுதான் சொன்னார்கள். ஐம்பதைத் தாண்டிய, குரல் உயர்த்தாத பெண்மணி. மொத்தம் பத்து ஒப்படைப்பு வரும், எல்லாமே எங்கேயோ நிஜமாக நடந்தவற்றின் பதிவுகள், நீங்கள் ஸ்டியரிங்கைத் திருப்பினால் படமும் அதற்கேற்ப மாறும் என்று சொல்லி அவனை ஸ்டியரிங்கும் திரையும் வைத்த சோதனைக் கூண்டுக்குள் உட்காரவைத்துக் கதவைச் சாத்தினார். நிஜமாக நடந்தவை என்பது அதுவரை பூபதிக்குத் தெரியாது. விரல்களைக் கோத்து மடியில் வைத்துக்கொண்டான்.

முதல் மணி. ஓர் எருமை. அவன் அசையவில்லை. திரையில் இருட்டு வந்து நாற்காலி ஒருமுறை குலுங்கியது. இரண்டாவது, சந்திலிருந்து ரிவர்ஸில் வந்த ஒரு மினி பஸ். மூன்றாவது, சைக்கிளில் ஒரு பெரியவர். அவர் கடைசி நொடியில் திரும்பி நேராக அவனையே பார்த்தார். வேட்டியின் கரை பச்சை என்பதுகூடத் தெரிந்தது. நாற்காலி குலுங்கியது. இவர்கள் ஏற்கெனவே செத்தவர்கள், என் கை இவர்களை மறுபடி கொல்ல முடியாது என்று பூபதி தனக்குள் சொல்லிக்கொண்டான். கோத்த விரல்கள் வெளுத்துப்போய், நகம் புறங்கையில் பதிந்திருந்தது. நாலாவது. ஐந்தாவது. ஆறாவதில் மூன்று பெண்கள், தலையில் புல்லுக்கட்டோடு. கண்ணை மூடிக்கொண்டான். குலுக்கலை மூட முடியவில்லை.

ஏழாவது விரிந்தபோது மணி அடிப்பதற்கு முன்பே அவனுக்குத் தெரிந்துவிட்டது. நாலுவழிச் சாலை. இடப்பக்கம் தூரத்தில் நீலத் தார்ப்பாய்.

மணி அடித்தது. பூபதி எதையும் நினைக்கவில்லை. கோத்திருந்த விரல்கள் பிரிந்ததே அவனுக்குத் தெரியாது. இரண்டு கையும் ஸ்டியரிங்கைப் பிடித்து வலப்பக்கம் ஒடித்தன. மணல் மூட்டைகள் சிதறின, வண்டி எதிர்ச்சாலையில் இறங்கி, சரிந்து, நிமிர்ந்து, நின்றது. குலுக்கல் இல்லை. பக்கத்துத் திரையில் அந்த ஸ்கூட்டர் தெரிந்தது. அம்மா ஒரு காலைத் தரையில் ஊன்றி நின்றுகொண்டிருந்தாள். பின்னால் இருந்த குழந்தை லாரியைத் திரும்பிப் பார்த்தது. கோர்ட்டில் மூன்று முறை போட்டும் அந்த முகம் அவன் கண்ணில் பட்டதில்லை. இயந்திரம் ஊகித்து வரைந்த முகம்தான். நெற்றியில் ஒரு ஸ்டிக்கர் பொட்டு, முன்பல் ஒன்று இல்லை. பூபதி வாய்விட்டு அழுதான்.

மீதி மூன்றிலும் கையை மடியில் வைக்க அவனால் முடியவில்லை. மூன்றையும் காப்பாற்றினான்.

கூண்டை விட்டு வெளியே வந்தபோது திலகவதி கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்திருந்தார். அவனை உட்காரச் சொல்லி, தண்ணீர் கொடுத்தார். லைசென்ஸ் பத்து வருஷத்துக்குப் புதுப்பிக்கப்பட்டுவிட்டது என்றார்.

"முதல் ஆறையும் விட்டுட்டேனுங்களே மேடம்" என்றான் பூபதி. "பத்துக்கு நாலுதான் பண்ணினேன்."

"மார்க் போடற சோதனை இல்லைங்க இது. உங்களால முடியுமா முடியாதாங்கறதைத்தான் இது பார்க்குது. ஒரு தடவை முடியும்னு காட்டிட்டா போதும். முடிஞ்சவர் செய்யாம இருந்தா அது குற்றம், தகுதிக்குறைவு இல்ல." கொஞ்சம் நிறுத்திவிட்டுத் தணிந்த குரலில் சொன்னார்: "வர்றவங்கள்ல பாதிப்பேர் கையை மடியிலதான் வெச்சுக்கறாங்க. எனக்குத் தெரியாதுன்னு நினைக்கறீங்களா? நான் எதையும் எழுதறதில்ல. ஆனா நீங்க ஏழாவதுல கையை எடுத்துட்டீங்க. அதை எப்படிங்க பண்ணீங்க?"

ஏழாவதில் அப்படி என்ன இருக்கிறது என்று பூபதி கேட்டான்.

திலகவதி மெல்ல விளக்கினார். அந்த ஏழாவது பதிவு சாதாரணமாக வந்ததல்ல. மேல்முறையீட்டுக் கோர்ட் அனுப்பிவைத்தது. ஒன்றேமுக்கால் நொடியில் எந்த மனிதனாலும் ஒன்றும் செய்திருக்க முடியாது என்பது அந்த வழக்கில் தண்டனை பெற்ற டிரைவர் தரப்பின் வாதம். அப்படியானால் சோதித்துப் பார்த்துவிடலாம் என்று மாநிலம் முழுக்கப் புதுப்பிக்க வருகிறவர்கள் எல்லோருக்கும் ஏழாவதாக அதையே கொடுக்கச் சொல்லியிருந்தார்கள். முதல் தடவை பார்ப்பவர்களாக இருக்கவேண்டும் என்பது மட்டும் நிபந்தனை. நாலு மாதத்தில் அறுநூற்றுப் பதினோரு பேர் உட்கார்ந்தார்கள். ஒருவராலும் முடியவில்லை. இந்த மாதக் கடைசியில் கணக்கை முடித்து அனுப்பியிருந்தால் அந்த ஆள் வெளியே வந்திருப்பார்.

"அறுநூத்திப் பன்னெண்டாவது ஆள் நீங்க" என்றார்.

சோதனை முடிவை இன்னும் அனுப்பவில்லைதானே என்று பூபதி கேட்டான். அனுப்புவது அவர் கையில் இல்லை, கூண்டுக் கதவு திறந்தபோதே அது போயிருக்கும் என்றார் திலகவதி. முன்பே பார்த்தவன் என்பதை அவரிடம் சொல்லப் பூபதிக்கு அப்போது தைரியம் வரவில்லை.

பூபதி வீட்டுக்கு வந்து வளர்மதியிடம் எல்லாவற்றையும் சொன்னான். அவள் அடுப்பை அணைத்துவிட்டு எதிரே வந்து உட்கார்ந்தாள். அவன் சும்மா இருந்திருந்தாலே போதும், அவனும் வேலுவும் இரண்டு பேருமே தப்பித்திருப்பார்கள் என்பது அவளுக்கு உடனே புரிந்தது. ஆனால் அதைச் சொல்லவில்லை. "வேலு அண்ணனுக்குத் தெரியுமா?" என்று மட்டும் கேட்டாள்.

வக்கீல் சொல்லி வேலுவுக்குத் தெரிந்துவிட்டது. அடுத்த வாரம் பூபதி மனுப் போட்டு மத்திய சிறைக்குப் பார்க்கப் போனான். திட்டுவான், முகத்தில் துப்புவான் என்று நினைத்துத்தான் போனான். கண்ணாடிக்கு அந்தப்பக்கம் வந்து உட்கார்ந்த வேலு போனைக் காதில் வைத்தான். பாதி ஆளாகியிருந்தான். கழுத்து எலும்பு தெரிந்தது.

"எந்தப் பக்கம்டா ஒடிச்சே?" என்றான்.

பூபதி போனை இன்னொரு காதுக்கு மாற்றினான்.

"சொல்லு. வலப்பக்கமா?"

"ஆமா. நடுவுல தடுப்பு ஒடஞ்சிருக்கும். மணல் மூட்டை."

வேலு தலையாட்டினான். தடுப்பு உடைந்திருந்தது தனக்கு ஞாபகமே இல்லை என்றான். இத்தனை நாள் ஜெயிலில் அவன் சோறு தின்றதே ஒரே ஒரு நினைப்பில்தான்: அந்த இடத்தில் எவன் இருந்திருந்தாலும் அந்தக் குழந்தை செத்திருக்கும். வக்கீல் மாதாமாதம் வந்து நானூறு பேராலும் முடியவில்லை, ஐந்நூறு பேராலும் முடியவில்லை என்று சொல்லும்போதெல்லாம் அவனுக்கு அன்று ராத்திரி கொஞ்சம் தூக்கம் வரும். இந்தத் தடவை வக்கீல் வேறு செய்தி கொண்டுவந்தார். அதன்பிறகு சோறு இறங்கவில்லை. இதையெல்லாம் யார்மேலும் கோபமில்லாமல் வேலு சொன்னான். கோபம் இருந்திருந்தால் பூபதிக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

"வேலு, நான் அதை முன்னாடியே பார்த்தவன்டா" என்றான் பூபதி. "உம் பக்கத்துல உக்காந்து பார்த்தேன். கோர்ட்டுல மூணு தடவை பார்த்தேன். அப்பறம் எந்நேரமும் அதுதான். எந்தப் பக்கம் ஒடிக்கறதுன்னு கண்டுபிடிக்கவே எனக்கு ஒரு மாசம் ஆச்சு. முதல் ஆறையும் நான் வேணும்னேதான் விட்டேன். இதை மட்டும் என்னால விட முடியல."

வேலு போனைக் காதோடு இன்னும் அழுத்திக்கொண்டான்.

"அப்ப என்னால முடிஞ்சிருக்காது?"

"முடிஞ்சிருக்காது. என்னாலயும் முடிஞ்சிருக்காது."

போனைக் காதில் வைத்தபடியே வேலு கண்ணாடியில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டான். வார்டர் வந்து தோளைத் தொட்டபோது, "இதை வெளியில சொல்லிவெக்காதடா, உன்னையும் உள்ள போட்டுருவாங்க. எனக்குத் தெரிஞ்சாச்சில்ல, போதும்" என்றான்.

பூபதி நேராகத் திலகவதியிடம் போய், எழுதிக் கொடுக்கப்போவதாகச் சொன்னான். அவர் கதவைச் சாத்திவிட்டு வந்து, என்ன நடக்கும் என்பதைச் சொன்னார். ஏழாவது பதிவு முன்பே பார்த்தது என்று தெரிந்தபிறகும் சொல்லாமல் சோதனையைத் தொடர்ந்தது ஒரு குற்றம். முதல் ஆறில் வேண்டுமென்றே கைகட்டி இருந்தது அத்தியாவசியப் பணியிலிருந்து தப்பிக்கப் பார்த்த குற்றம். லைசென்ஸ் போகும், ஜெயிலும் உண்டு. ஆறு மாதமோ ஒரு வருஷமோ. எழுதாமல் விட்டால் ஒன்றும் இல்லை, யாருக்கும் தெரியப்போவதில்லை. பூபதி ஜெயிலை நினைத்துப் பயந்தான். அதைவிட அதிகமாக, எழுதாமல் திரும்பிப் போனால் இருக்கப்போகிற பத்து வருஷத்தை நினைத்துப் பயந்தான். நண்பனுக்காக எழுதுகிறோமா, அந்த நாற்காலிக்குப் பயந்து எழுதுகிறோமா என்று அவனுக்கே நிச்சயமில்லை. வளர்மதியிடம் கேட்டதற்கு, "எதுக்காக எழுதினா என்னங்க, எழுதறது நெசந்தானே?" என்றாள். குரல் உடைந்துவிடாமல் இருக்க அவள் பட்ட பாடு அவனுக்குத் தெரிந்தது.

அவன் எழுதிக் கொடுத்தான். மூன்று பக்கம். எப்படிப் பார்த்தான், எத்தனை தடவை பார்த்தான், எப்போது வழி புலப்பட்டது, கை எப்படித் தானாகப் போனது என்று ஒன்றுவிடாமல்.

நினைத்ததைவிட வேகமாக எல்லாம் நடந்தது. முன்பே பார்த்தவனின் சோதனை செல்லாது என்று மேல்முறையீட்டுக் கோர்ட் அதை ஒதுக்கியது. அறுநூற்றுப் பதினோரு பேராலும் முடியாததை வேலு மட்டும் செய்திருக்க வேண்டும் என்று சொல்ல முடியாது என்று அவனை விடுதலை செய்தது. பூபதிக்கு எட்டு மாதம். லைசென்ஸ் நிரந்தரமாக ரத்து. தீர்ப்பு வாசித்தபோது வளர்மதி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பூபதிக்கு ரத்து என்ற சொல் மட்டும் தனியாகக் கேட்டது.

ஜெயிலில் முதல் நாள் அவன் பதினோரு மணி நேரம் தூங்கினான். மறுநாளும் அப்படியே. தரையில் ஒரு விரிப்பு, பக்கத்தில் குறட்டை, மூலையில் நாற்றம், ஆனாலும் தூங்கினான். இங்கே எந்த மணி அடித்தாலும் அதில் எவர் உயிரும் இல்லை. சோற்றுக்கு, எண்ணிக்கைக்கு, அவ்வளவுதான். பத்துப் பதினைந்து நாளில் நீலத் தார்ப்பாய் வருவது குறைந்தது. ஒரு மாதத்தில் நின்றது. டீ டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்து ஆறவிட்டுக் குடித்தான். இதற்காக வெட்கமாகவும் இருந்தது. பார்க்க வந்த வளர்மதி, முகம் தெளிந்திருக்கிறது என்றாள். சொல்லிவிட்டு அழுதாள்.

வேலு இரண்டு மாதம் கழித்துத்தான் வந்தான். ஏன் இத்தனை நாள் வரவில்லை என்று பூபதி உள்ளூரக் கொஞ்சம் வருத்தத்தில் இருந்தான். கண்ணாடிக்கு அந்தப்பக்கம் வந்து உட்கார்ந்தவனைப் பார்த்ததும் அது போய்விட்டது. ஜெயிலில் இருந்தபோது பார்த்ததைவிட மெலிந்திருந்தான். கண்ணுக்குக் கீழே கறுப்பு. விடுதலை ஆனவன் இன்னும் ஏன் இப்படி இருக்கிறான் என்று பூபதிக்குப் புரியவில்லை.

தண்டனை நீங்கியதும் சட்டப்படி லைசென்ஸும் உயிர்பெற்றுவிட்டது என்றான் வேலு. வெளியே வந்த மூன்றாம் நாளே கம்பெனியிலிருந்து கடிதம். ஆள் பற்றாக்குறை. அவனுடைய இருபது லாரிகளோடு பூபதியின் இருபதையும் அவன் பெயரிலேயே போட்டிருந்தார்கள். லீவு கிடைக்கவில்லை, இன்றைக்கும் அரைநாள்தான் கொடுத்தார்கள்.

"நாப்பதா?" என்றான் பூபதி.

"அதுகூடப் பரவாயில்லடா." வேலு சுற்றும்முற்றும் பார்த்துவிட்டுச் சொன்னான்: "நீ எழுதிக் கொடுத்தே பாரு, அதை மேலிடத்துல ரொம்ப கவனமாப் படிச்சிருக்காங்க. முன்னாடியே பார்த்திருந்தா மனுசனால முடியும்னு அதுல இருக்கில்ல. புது ஆர்டர் போட்டுட்டாங்க. தெனமும் வேலைக்கு முன்னாடி ரெண்டு மணி நேரம், நாட்டுல எங்கெங்க அடிபட்டாங்களோ அத்தனையும் போட்டுக் காட்டறாங்க. எல்லாருக்கும். கண்ணை மூடினா நாற்காலி காட்டிக்குடுத்துரும். மூடின நேரத்தையும் சேர்த்து மறுபடி பார்க்கணும்."

எத்தனை பார்த்தாய் என்று பூபதி கேட்டான். ஆயிரத்து நூறுக்கு மேல் எண்ணவில்லை என்றான் வேலு.

நீலத் தார்ப்பாயையும் காட்டுகிறார்களா என்று கேட்க நினைத்துப் பூபதி கேட்கவில்லை. எழுதிக் கொடுத்த மூன்று பக்கமும் வரிவரியாக அவனுக்கு ஞாபகம் வந்தது. எத்தனை தடவை பார்த்தான் என்று அவ்வளவு விவரமாக எழுதியிருக்க வேண்டாம். ஆனால் அந்த விவரம் இல்லாவிட்டால் கோர்ட் நம்பியிருக்காது.

"வேலு, நான் இப்படி ஆகும்னு..."

"உன்னை ஒண்ணும் சொல்லல. முந்தாநேத்து ஒண்ணு வந்துச்சு" என்றான் வேலு. "ரெண்டு நொடிகூட இல்ல. ஒரு ஷேர் ஆட்டோ. அதே மாதிரி ஒண்ணை மூணு நாளைக்கு முன்னாடி காட்டியிருந்தாங்க. கை தானாப் போயிருச்சு. உள்ள இருந்த நாலு பேரும் பொழச்சுக்கிட்டாங்க."

இதை அவன் சந்தோஷமாகச் சொல்லவில்லை, துக்கமாகவும் சொல்லவில்லை. மேலதிகாரிகள் வந்து கைகொடுத்துவிட்டுப் போனார்களாம். இரண்டு மணி நேரத்தை மூன்று மணி நேரம் ஆக்கப்போகிறார்களாம். பலன் தெரிகிறது என்று சொன்னார்களாம். பலன் தெரியும்போது யார் நிறுத்துவார்கள் என்று வேலு கேட்டான். அந்த நாலு பேரும் இப்போது எங்கோ சாப்பிட்டுக்கொண்டோ சண்டை போட்டுக்கொண்டோ இருப்பார்கள் என்பது நிஜம். அதை எதைக்கொண்டு மறுப்பது என்று பூபதிக்குத் தெரியவில்லை.

"நீ தூங்கறியாடா?" என்று வேலு கேட்டான்.

பொய் சொல்லலாம் என்று பூபதி நினைத்தான். பிறகு, "தூங்கறேன்" என்றான்.

"தூங்கு" என்றான் வேலு. ரொம்பப் பிரியமாகத்தான் சொன்னான்.

நேரம் முடிந்ததென்று வார்டர் விசில் ஊதினார். வேலுவின் கையிலிருந்த போன் நழுவி வயரில் தொங்கியது. அவன் இரண்டு கையும் விருட்டென்று உயர்ந்து, வெறும் காற்றைப் பிடித்து, இடப்பக்கமாக முழுக்க ஒடித்தன. வலது கால் தரையை ஓங்கி மிதித்தது. முழங்கை இடித்து, பக்கத்தில் யாரையோ பார்க்க வந்திருந்த ஒரு பெண் நாற்காலியோடு பின்னால் நகர்ந்துகொண்டாள். வேலு அப்படியே கொஞ்ச நேரம், பிடித்த பிடியை விடாமல் எதிரே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் பார்வை பூபதிமேல் இல்லை. பிறகு கையை மெதுவாக இறக்கி, அந்தப் பெண்ணிடம் ஏதோ மன்னிப்புக் கேட்டான். போன் தொங்கிக்கொண்டிருந்ததால் அவன் சொன்னது பூபதிக்குக் கேட்கவில்லை.